பொருள்: பார்லி மாவில் கலப்பு

கடிதம் எண் 1
8 ஜூலை 2024, திங்கட்கிழமை, காலை 10.40
மடவார் வளாகம், ஸ்ரீவில்லிபுத்தூர்

மைத்துனர் அன்சாருக்கு மைதீன் பிச்சை எழுதுவது. அஸ்ஸலாமு அலைக்கும்.

இதைக் கைபேசியிலேயே கேட்டிருக்கலாம். கைபேசியில் பேசியதை மறுநாள் நீ ஒரு விதமாகவும் நான் ஒரு விதமாகவும் சொல்ல நேரிடும் என்பதால் பதிவுத் தபாலில் எழுதுகிறேன். பதிலையும் எழுத்தில் மட்டுமே எதிர்பார்க்கிறேன்.

உன் அக்கா ஹபீபுன்னிசாவுக்கு ஏப்ரல் 20ஆம் தேதி மதுரையில் குடல் பரிசோதனை செய்தோம். 24ஆம் தேதி புதன்கிழமை மருத்துவர் ஜாஸ்மின் முடிவைச் சொன்னார். கோதுமையில் உள்ள ஒரு வகைப் புரதம் அவளுடைய குடலைப் புண்ணாக்கிவிடுகிறது; அதனால் உண்பது எதுவும் உடம்பில் சேர்வதில்லை; கோதுமையை அடியோடு நிறுத்தினால் தேறிவிடுவாள், இல்லையேல் இப்படியே கரைந்துகொண்டு போவாள். சர்க்கரை நோய்க்காகப் பதினொரு ஆண்டுகள் இரவுதோறும் சப்பாத்தி சாப்பிட்டவள் அவள். அன்று மாலையே கோதுமை, ரவை, மைதா, சேமியா அனைத்தையும் வீட்டிலிருந்து வெளியேற்றினேன்.

அதற்கு மாற்றாகப் பார்லியைத் தேர்ந்தெடுத்தது யோசிக்காமல் செய்ததன்று. நூறு கிராம் பார்லியில் புரதம் பத்து முதல் பன்னிரண்டு கிராம் வரை உண்டு. நார்ச்சத்து பதினைந்து கிராமுக்குக் குறையாது. அந்த நாரில் ஒரு பகுதி கஞ்சியில் கரைந்து வழவழப்பாகி, சர்க்கரை இரத்தத்தில் ஏறும் வேகத்தைத் தணிக்கிறது. அரிசியில் இவ்வளவு இல்லை. ஏப்ரல் 25 முதல் காலை 7.30க்குப் பார்லிக் கஞ்சி, 11.00க்குப் பார்லித் தண்ணீர், மாலை 4.00க்கு மால்ட், இரவு 8.00க்கு இரண்டு பார்லி ரொட்டி என்று நானே முறை வகுத்து நடத்தி வருகிறேன். மதியம் மட்டும் ஒரு கைச் சோறு. தானியமும் மாவும் உன் கடையிலிருந்தும் உன் மில்லிலிருந்தும் மட்டுமே வருகின்றன.

ஏப்ரல் 24இல் அவள் எடை 43.6 கிலோ. நேற்று 40.9. வயிற்றுப்போக்கு நின்றபாடில்லை. வீட்டில் கோதுமை இல்லை. எனினும் கோதுமை அவள் வயிற்றுக்குள் போகிறது. எந்த வழியாக?

ஜூன் 29, சனிக்கிழமை முற்பகல் 11.20க்கு முன்னறிவிப்பின்றி உன் மில்லுக்கு வந்தேன். உன் ஆள் சௌந்தரபாண்டியன் கோதுமை அரைத்து முடித்திருந்தான். வாய்த்தொட்டியில் மாவுத்தூள் படிந்திருந்தது. அதைத் துடைக்காமலேயே நம் பார்லியைக் கொட்டினான். முப்பத்தொரு ஆண்டுகள் நான்கு மாதங்கள் நூற்பாலையின் தரக்கட்டுப்பாட்டில் இருந்தவன் நான். ஒரு பஞ்சில் இன்னொரு பஞ்சு கலந்தால் என்னவாகும் என்பது எனக்குத் தெரியும். இது கவனக்குறைவா, அல்லது எடையைக் கூட்டுவதற்கான ஏற்பாடா என்பதை நீதான் சொல்ல வேண்டும்.

இணைப்பு: எடைப் பட்டியல், ஒரு தாள்.


ராஜபாளையம்
11.7.2024

அன்புள்ள மச்சான் அவர்களுக்கு, வ அலைக்கும் ஸலாம்.

தபால்காரர் கையெழுத்து வாங்கிக்கொண்டு உங்கள் கடிதத்தைக் கொடுத்தபோது, கோர்ட்டு நோட்டீஸ் என்று நினைத்து என் வீட்டுக்காரி நஸீபா படியிலேயே உட்கார்ந்துவிட்டாள். படித்த பிறகு எனக்கும் உட்கார வேண்டும்போல்தான் இருந்தது. கட்டிய மனைவியின் தம்பி, அவளுக்கு ஆகாததை எடைக்காக மாவில் கலப்பானா?

அன்று நீங்கள் வருவதற்கு முன்பே சௌந்தரபாண்டியன் இரண்டு கைப் பார்லியைப் போட்டு ஓட்டி, அந்த மாவைத் தனியே வாரி மாட்டுக்குப் போட்டுவிட்டான். கல்லுக்குள் கிடக்கும் பழைய மாவை அதுதான் இழுத்துக்கொண்டு வரும். மிளகாய் அரைத்த பிறகு அரிசி மாவுக்கும் இதையேதான் செய்கிறோம். வாய்த்தொட்டியை அவன் துடைக்கவில்லை என்பது உண்மை. கேட்டால் சிரிக்கிறான். "பெரியவர் மெஷினுக்குள்ள தலைய விட்டு மோந்து பாத்தாக, மொதலாளி. செத்த நேரம் நின்னிருந்தா அவியளையும் சேர்த்து அரைச்சிருப்பேன்" என்கிறான். கோபித்துக்கொள்ளாதீர்கள், அவன் வாய் அப்படி.

இனிமேல் திங்கட்கிழமை காலையில் மெஷினைக் கழற்றித் துடைத்து, முதல் அரவையே அக்காவுடையதாக இருக்கும். அக்காவிடம் பேசலாம் என்று நான்கு முறை போன் செய்தேன். நீங்கள் எடுத்து, "எழுத்தில் அனுப்பவும்" என்று வைத்துவிட்டீர்கள். அக்காவிடம் "எப்படி இருக்கே" என்று எழுத்தில் எப்படி மச்சான் கேட்பது?

அன்சார்


கடிதம் எண் 2
22 ஜூலை 2024, திங்கட்கிழமை, மாலை 4.15
மடவார் வளாகம், ஸ்ரீவில்லிபுத்தூர்

மைத்துனர் அன்சாருக்கு, ஸலாம்.

உன் கடிதத்தில் விளக்கம் இருந்தது, ஆதாரம் இல்லை. எனவே நானே ஆதாரம் தேடினேன்.

முதலாவது. ஜூலை 13ஆம் தேதி மூன்று கிலோ பார்லியைத் துணிப்பையிலிட்டு, நாற்பதாம் எண் நூலால் வலப்புறமாக ஏழு சுற்றுச் சுற்றி முடிச்சிட்டு உனக்கு அனுப்பினேன். 15ஆம் தேதி மாவாகத் திரும்பி வந்தபோது சுற்றுகள் ஐந்தே இருந்தன, அவையும் இடப்புறமாக.

இரண்டாவது. அந்த மாவில் நூறு கிராமை எடுத்து, மாதிரி எண் ஆ-3 என்று குறித்து, மதுரையில் ஓர் ஆய்வகத்துக்கு அனுப்பினேன். 20ஆம் தேதி முடிவு வந்தது. புரதம் 12.4 சதவீதம். கடைகளில் விற்கும் பார்லிப் பொட்டலங்களில் பத்துக்குச் சற்றுக் குறைவாகவே அச்சிட்டிருக்கிறார்கள். மீதி இரண்டரை சதவீதப் புரதம் எந்தத் தானியத்தின் புரதம்?

மூன்றாவது. 16ஆம் தேதி முதல் உன் மில்லை நம்பாமல் வீட்டிலேயே மிக்ஸியில் அரைக்கிறேன். அப்படியும் குணமில்லை. ஆகவே மாவு மட்டுமல்லாமல் தானியமும் சந்தேகத்துக்குரியதாகிறது. நீ கொடுத்த இரண்டு கிலோவைத் தாம்பாளத்தில் பரப்பி, கண்ணாடி அணிந்துகொண்டு மூன்று மணி நேரம் பார்த்தேன். நான்கு கோதுமை மணிகள் கிடைத்தன. அவற்றை இத்துடன் அனுப்புகிறேன்.

நேற்று அவள் எடை 40.1. கால் வீங்கியிருக்கிறது. "வெறும் சோறும் ரசமும் குடுங்க, எனக்கு அது போதும்" என்கிறாள். சர்க்கரை நோயாளிக்கு, அதுவும் நாற்பது கிலோ உடம்புக்கு, சோற்றிலும் ரசத்திலும் என்ன புரதம் கிடைத்துவிடும்? கஞ்சியை ஒரு குவளையிலிருந்து ஒன்றரைக் குவளையாகக் கூட்டியிருக்கிறேன். நான் ஒருபுறம் ஏற்றிக்கொண்டிருக்க, உன் கடைச் சரக்கு மறுபுறம் இறக்கிக்கொண்டிருக்கிறது. விருதுநகரில் யாரிடம் வாங்குகிறாய்? பெயரும் விலாசமும் தேவை.

இணைப்பு: ஆய்வறிக்கை நகல், ஒன்று. கோதுமை மணிகள், நான்கு, தாளில் மடித்தது.


ராஜபாளையம்
27.7.2024

மச்சான் அவர்களுக்கு,

அக்கா தூங்குகிறது. நஸீபா பக்கத்தில் இருக்கிறாள். அதனால் எழுத நேரம் கிடைத்தது.

வியாழக்கிழமை காலையில் குளியலறையில் விழுந்த மனுஷியைத் தூக்கிக் கட்டிலில் போட்டது உங்கள் பக்கத்து வீட்டு ஹரிகிருஷ்ணன். எனக்குப் போன் செய்ததும் அவர்தான். அக்காவை இங்கே அழைத்து வர நாங்கள் வந்து ஆட்டோவில் ஏற்றும்போது நீங்கள் என்ன செய்தீர்கள் என்பதை எனக்காக ஒருமுறை எழுதி வைத்துக்கொள்கிறேன். எடையையும் நேரத்தையும் நோட்டில் எழுதி, "நல்ல நிலையில் பெற்றுக்கொண்டேன்" என்று என்னிடம் கையெழுத்துக் கேட்டீர்கள். நானும் போட்டேன். என்ன நல்ல நிலை, மச்சான்? தோளில் சாய்ந்திருந்தபோது ஒரு ஆளின் கனமே இல்லை. தெருமுனை தாண்டியதும் நஸீபா அழுதுவிட்டாள். அக்காதான் அவளைத் தேற்றியது. "ஏட்டி, சும்மா இரு. அவிய ஒரு ராத்திரியும் தூங்கல. எந்திரிச்சு எந்திரிச்சு வந்து மூக்குல கை வச்சுப் பாப்பாக" என்றது.

உங்கள் கேள்விகளுக்குப் பதில். பையை அவிழ்க்காமல் எப்படி அரைப்பது? அவிழ்த்தவன் திரும்ப முடிச்சுப் போட்டான். அவன் இடதுகைக்காரன்.

12.4 எப்படி வந்தது என்று கேட்டிருக்கிறீர்கள். மே மாதம், "தீட்டிய பார்லி வேண்டாம், தவிட்டோடு இருப்பதாகப் பார்த்து வாங்கு" என்று சொன்னது நீங்கள்தான். பொட்டலத்தில் வருவது மேல்தோலைத் தீட்டி முத்துமாதிரி ஆக்கியது. தீட்டும்போது தவிடோடு புரதமும் கொஞ்சம் போய்விடும். உங்களுக்கு வந்தது தீட்டாதது, அதனால் கூடுதல். கோதுமையிலேயே பதினொன்று பன்னிரண்டுதான் இருக்கும். அதைக் கலந்து பத்தை எப்படிப் பன்னிரண்டரை ஆக்குவது? தரக்கட்டுப்பாட்டில் இருந்தவர் நீங்கள். நான் பத்தாவதோடு நின்றவன்.

நான்கு மணிகளைப் பார்த்தேன். கோதுமைதான். இரண்டு கிலோவில் நான்கு. சாக்கு மாற்றும்போது விழுந்திருக்கும். அது என் தப்புதான், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் அந்த நான்கும் இந்தத் தாளில்தானே இருக்கின்றன? அக்கா வயிற்றில் இல்லையே.

ஞாயிற்றுக்கிழமைதோறும் எடை பார்த்து நஸீபா சீட்டு அனுப்புவாள்.

அன்சார்


கடிதம் எண் 3
16 ஆகஸ்ட் 2024, வெள்ளிக்கிழமை, காலை 9.05
மடவார் வளாகம், ஸ்ரீவில்லிபுத்தூர்

அன்சாருக்கு, ஸலாம்.

நஸீபா அனுப்பிய ஆகஸ்ட் 11ஆம் தேதிச் சீட்டு வந்து சேர்ந்தது. எடை 42.3. வயிற்றுப்போக்கு நின்று எட்டு நாட்கள் ஆகின்றன என்றும் எழுதியிருந்தாள். அல்ஹம்துலில்லாஹ். படித்து மகிழ்ந்தேன். அரை மணி நேரம் கழித்து யோசிக்கவும் செய்தேன்.

மருந்து அதேதான். மருத்துவரும் அவரேதான். என் வீட்டில் மூன்று மாதம் தேறாத உடம்பு உன் வீட்டில் பதினேழே நாளில் எப்படித் தேறுகிறது? வீட்டுக்கு என்று நீ எடுத்து வைக்கும் சரக்கு வேறு, எனக்கு அனுப்பிய சரக்கு வேறு. இதைத் தவிர வேறு விளக்கம் எனக்குத் தோன்றவில்லை. அவள் அங்கே வேளாவேளைக்கு என்ன சாப்பிடுகிறாள் என்று கேட்டு, கட்டம் போட்ட தாளே அனுப்பியிருந்தேன். ஏழு நாளுக்கும் சேர்த்து "வீட்டுச் சாப்பாடு" என்று ஒரே வரியில் எழுதித் திருப்பி அனுப்பியிருக்கிறாள் உன் மனைவி. மறைக்க ஒன்றுமில்லையென்றால் கட்டங்களை ஏன் நிரப்பவில்லை?

நான் அவளைக் குறித்து மட்டும் கவலைப்படவில்லை. உன் மில்லில் மாவு வாங்குகிற இன்னொரு வீட்டிலும் இப்படி ஒருத்தி இருக்கலாம். ஆகவே ஆகஸ்ட் 14ஆம் தேதி உணவுப் பாதுகாப்பு அதிகாரிக்கு மனு கொடுத்துவிட்டேன். சொந்தக்காரன் என்பதற்காகச் சும்மா இருக்க என்னால் இயலவில்லை. நம் இருவருக்கும் இடையே மறைவு வேண்டாம் என்பதால் அதன் நகலையும் உனக்கு அனுப்புகிறேன்.

வீட்டில் இரும்புச்சத்து மாத்திரை இருபத்திரண்டு மீதமிருக்கிறது. அங்கே வாங்கினாயா, இல்லை நான் அனுப்ப வேண்டுமா என்று எழுது.

இணைப்பு: மனுவின் நகல், இரண்டு தாள்கள்.


ராஜபாளையம்
24.8.2024

மச்சான் அவர்களுக்கு,

செவ்வாய்க்கிழமை அதிகாரி வந்தார். மரியாதையாகப் பேசினார். மூன்று பொட்டலம் எடுத்துச் சீல் வைத்தார். நம் ஆட்கள் இருபது பேர் பார்த்துக்கொண்டிருந்தார்கள். வாளியோடு வரிசையில் நின்ற பாண்டீஸ்வரி, "என்ன பாய், ஒங்க மச்சான்தான் எழுதிப் போட்டாகளாமே? வீட்டுக்காரவுகளே திங்க மாட்டேங்காக, நாங்க மட்டும் என்னத்த நம்பித் திங்க?" என்று கேட்டுவிட்டு, கம்பை அரைக்காமலேயே தூக்கிக்கொண்டு போனாள். அவளுக்குப் பின்னால் ஆறு பேர் போனார்கள். அதை எழுதுவதற்காக இந்தக் கடிதம் இல்லை.

வியாழக்கிழமை அக்காவை மதுரைக்கு மறுபரிசோதனைக்கு அழைத்துப் போனோம். டாக்டரம்மா எடையைப் பார்த்துச் சந்தோஷப்பட்டார்கள். என்ன சாப்பிடுகிறீர்கள் என்று கேட்டார்கள். நஸீபா பயந்துகொண்டே உண்மையைச் சொன்னாள். "சோறுதான் டாக்டர். கறி, முட்டை, மீன். அக்காவுக்குப் பார்லின்னாலே கொமட்டுது, அதனால ஒரு நாளும் குடுக்கல. அவுக வீட்டுக்காரருக்குத் தெரிஞ்சா எங்களை எழுதியே கொன்னுருவாரு." கட்டங்களை நிரப்பாததற்குக் காரணம் இதுதான் மச்சான். சர்க்கரைக்காரிக்குச் சோறு போடுகிறீர்களா என்று அடுத்த பதிவுத் தபால் வருமே என்று பயம்.

டாக்டரம்மா பேனாவைக் கீழே வைத்துவிட்டார்கள். "பார்லியா? அதுவரைக்கும் பார்லியா சாப்பிட்டீங்க?" என்றார்கள். கஞ்சி, தண்ணீர், ரொட்டி, மால்ட் என்று நான் சொல்லச் சொல்ல அவர்கள் முகம் மாறிவிட்டது. கோதுமையில் இருக்கும் கெடுதல் புரதத்துக்குப் பார்லியிலும் ஒரு கூடப்பிறப்பு இருக்கிறதாம். நல்ல தானியம்தான், மற்றவர்களுக்குச் சத்துதான், ஆனால் இந்த நோய்க்காரருக்குக் கோதுமை என்ன செய்யுமோ அதையே பார்லியும் செய்யுமாம். மால்ட்டும் பார்லியிலிருந்து வருவதுதானாம். "அக்காவை வீட்டை விட்டு வெரட்டிட்டு, தம்பியை உள்ள கூப்பிட்டு நடுவீட்டுல உக்கார வச்சிருக்கீங்க" என்றார்கள். நானும் அக்காவும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம்.

"ஏப்ரல்லயே அச்சடிச்ச தாள் குடுத்தேனே. ரெண்டு பக்கமும் இருக்குமே" என்றார்கள். அக்கா அப்போதுதான் வாயைத் திறந்தது. "நீங்க சொன்னீக டாக்டரு. பஸ்ஸு ஏறங்காட்டியும் அவியகிட்ட நானும் சொன்னேன், பார்லியும் ஆகாதுன்னு சொன்னாப்ல இருந்துச்சேன்னு. எழுத்துல இருக்கான்னு கேட்டாக. தாளைப் பாத்தாக. இல்லன்னுட்டாக. எழுத்துல இல்லாதத நான் எப்படிப் பேசுறது?"

மெஷின் விசயத்தில் உங்கள் சந்தேகம் பாதி சரி. கோதுமை அரைக்கிற மில்லில் அக்காவுக்கு எந்த மாவும் அரைக்கக் கூடாது, இரண்டு கை ஓட்டினாலும் போதாது என்று டாக்டரம்மா சொன்னார்கள். அது எனக்குத் தெரியாது. என் பேரில் அவ்வளவு தப்பு உண்டு.

இப்போது எடை 43.4. வீட்டுக்கு எப்போது போகிறாய் என்று கேட்டேன். "ஏலே அன்சாரு, எனக்குக் கோதுமைதான் ஒத்துக்கல, பார்லிதான் ஒத்துக்கல. அவியளுக்கு ஆளே ஒத்துக்காது. இன்னும் கொஞ்ச நாள் இருந்துட்டுப் போறேனே" என்கிறது.

அன்சார்


கடிதம் எண் 4
30 ஆகஸ்ட் 2024, வெள்ளிக்கிழமை, மாலை 3.30
மடவார் வளாகம், ஸ்ரீவில்லிபுத்தூர்

அன்பு அன்சாருக்கு, ஸலாம்.

உன் கடிதம் 27ஆம் தேதி நண்பகல் 12.10க்கு வந்தது. முதலில் நம்பவில்லை. என் பிழையை என் மீதே திருப்புவதற்காக நீயும் நஸீபாவும் சேர்ந்து புனைந்தது என்று நினைத்தேன். அப்படி நினைத்தேன் என்பதையும் நீ அறிந்திருக்க வேண்டும்.

மருத்துவர் கொடுக்கும் தாள்கள் அனைத்தையும் நான் கட்டு நோட்டில் தேதிவாரியாக ஒட்டி வைப்பது வழக்கம். நூற்பாலையில் ஆய்வறிக்கைகளை அப்படித்தான் ஒட்டுவோம். அந்த அறிக்கைகள் ஒரு பக்கத்தில் மட்டுமே அச்சாகி வரும். ஏப்ரல் 24ஆம் தேதித் தாள் 37ஆம் பக்கத்தில் இருக்கிறது. நான்கு ஓரங்களிலும் நடுவிலும் பசையிட்டு அழுத்தமாக ஒட்டியிருந்தேன். ஈரத்துணியை விரித்து இரண்டு மணி நேரம் வைத்து உரித்தேன். பின்பக்கம் நான்காவது வரி: பார்லி. ஐந்தாவது வரி: மால்ட் சேர்ந்த பானங்கள். முன்பக்கத்தின் அடியில் "பின்பக்கம் காண்க" என்று சிறிய எழுத்தில் இருக்கிறது. அதன் மேல்தான் நான் பக்க எண்ணை எழுதியிருக்கிறேன்.

ஏப்ரல் 25 முதல் ஜூலை 24 வரை தொண்ணூற்றொரு நாட்கள். நூற்றெண்பத்திரண்டு ரொட்டிகள். அவற்றை வட்டமாகத் திரட்ட வராது, விரிசல் விடும். அதனால் வெந்நீர் விட்டுப் பிசைந்து கையால் தட்டினேன். வேண்டாமென்று அவள் தட்டை நகர்த்திய நாட்களில் நேரம் குறித்துவிட்டு, திரும்பவும் நகர்த்தி வைத்தேன். அவளும் சாப்பிட்டாள்.

பேருந்து நிலையத்தில் அவள் சொன்னாளா என்று என் நாட்குறிப்பில் பார்த்தேன். 24ஆம் தேதிப் பக்கத்தில் அப்படி எதுவும் இல்லை. நான் எழுதவில்லை. ஆனால் சொன்னாள். எனக்கு நினைவிருக்கிறது. ஐந்தாம் எண் நடைமேடைப் பக்கம் நிழலில் நின்றிருந்தோம். அவள் கையில் தண்ணீர் பாட்டில் இருந்தது. "பார்லியும்" என்று தொடங்கினாள். நான் தாளைப் பார்த்துவிட்டு, "நீ சரியாகக் கேட்டிருக்க மாட்டாய்" என்றேன். அதற்குப் பிறகு அவள் அதைப் பற்றிப் பேசவே இல்லை.

28ஆம் தேதி காலை அலுவலகத்துக்கு நேரில் சென்று, மனு என் அறியாமையால் கொடுக்கப்பட்டது என்று எழுதிக் கொடுத்தேன். எடுத்த மாதிரிகளின் முடிவு எப்படியும் வரும் என்றார்கள். அது வரும்போது உன் பெயர் சுத்தமாக இருக்கும். என் பெயரைப் பற்றி நான் கேட்கவில்லை. பாண்டீஸ்வரி முதலான வாடிக்கையாளர்களுக்கு நான் எழுதிய விளக்கத்தையும் இத்துடன் வைத்திருக்கிறேன். அவர்கள் விரும்பினால் கடை வாசலுக்கு வந்து நேரில் சொல்லவும் தயாராக இருக்கிறேன். சௌந்தரபாண்டியன் சிரித்துக்கொள்ளட்டும்.

அவள் எப்போது திரும்புவாள் என்று இக்கடிதத்தில் நான் கேட்கவில்லை. கட்டம் போட்ட தாளும் அனுப்பவில்லை. அவள் விரும்பியதைச் சாப்பிடட்டும். எடையை மட்டும் முடிந்தால் சொல்லியனுப்பு. வாய்மொழியாகச் சொன்னாலும் போதும்.

ஹரிகிருஷ்ணன் நாளை வேலைக்கு ராஜபாளையம் வருகிறார். அவரிடம் கொடுத்தனுப்பியவை:

1. ஏப்ரல் 24ஆம் தேதியிட்ட உணவுத் தாள். அசல். பின்பக்கத்தில் பசைக் கறை உள்ளது. எழுத்துகள் தெளிவாகத் தெரிகின்றன.

2. மனுவைத் திரும்பப் பெற்றதற்கான கடிதத்தின் நகல், முத்திரையுடன்.

3. வாடிக்கையாளர்களுக்கான விளக்கம், என் கையொப்பத்துடன். ஒரு பக்கம் மட்டுமே எழுதப்பட்டது. சுவரில் ஒட்டலாம்.

4. இரும்புச்சத்து மாத்திரை, இருபத்திரண்டு.

5. வெள்ளைச் சோளம், இரண்டு கிலோ. கோதுமையோ பார்லியோ விற்காத இடமாக விசாரித்து, வன்னியம்பட்டியில் விளைவித்தவரிடமே நேற்று வாங்கினேன். சோளம் அவளுக்கு ஆகும் என்று தாளின் பின்பக்கத்தில் இருக்கிறது. வீட்டு மிக்ஸியிலேயே அரைக்கவும். நானே புடைத்து, வெளிச்சத்தில் பரப்பி, இரண்டு முறை பொறுக்கினேன். வேறு தானியம் எதுவும் என் கண்ணுக்குத் தெரியவில்லை. ஆனாலும் நான் பார்த்துவிட்டேன் என்பதற்காக அப்படியே அவளுக்குக் கொடுத்துவிடாதே. நீ ஒரு முறை பார்.